மணிக்கட்டில் நசுங்கிய நரம்பு

டோங்யோங்,
முதல் பனி விழுந்த வாரம்

அன்பு மகன் யோங்பேக்கு அம்மா சொல்ல, உன் தங்கை கும்ஹி எழுதுவது. அந்தத் தூரத்துக் கடலில் நீயும் உன் கப்பலும் பத்திரமாக இருக்க வேண்டுகிறேன். இங்கே நாங்கள் இருவரும் சுகம் என்று தொடங்கச் சொன்னேன், முழுச் சுகமில்லையே அம்மா என்கிறாள், அதனால் உள்ளதையே சொல்கிறேன்.

எழுத்து மாறியிருப்பதைப் பார்த்துப் பயந்திருப்பாய். என் வலது கையில் பேனா நிற்கவில்லை. போன குளிரிலேயே கட்டைவிரலும் பக்கத்து இரண்டு விரலும் மரத்துப்போகத் தொடங்கின, தூக்கத்தில் எரிச்சலெடுக்கும், எழுந்து உதறினால்தான் அடங்கும். சிப்பி உடைக்கும் கொட்டகையில் யாருக்குத்தான் கை மரக்கவில்லை, குளிர்ந்த கடல்நீர் கையுறைக்குள் இறங்குவதால்தான் என்று எல்லோருமே மணிக்கட்டில் ரப்பர் வளையத்தை இறுக்கிப் போட்டுக்கொள்வோம், மரப்பு கூடக் கூட நான் இன்னொன்று, இன்னொன்று என்று போட்டேன். கூடச் சிப்பி உடைக்கிற ஒக்பூன் அக்கா, "ஏண்டி, சந்தைக்குப் போற நண்டு மாதிரி கட்டிட்டு நிக்கிற, உன்னை யாரு வாங்கப் போறா?" என்று கேலி செய்தாள். நீ வீட்டில் இருந்திருந்தால் திட்டிக்கொண்டே கழற்றி எறிந்திருப்பாய். போன வாரம் கத்தி விரலைக் கிழித்தது எனக்குத் தெரியவே இல்லை, தட்டில் ரத்தத்தைப் பார்த்துப் பக்கத்தில் நின்ற கும்ஹிதான் கத்தினாள்.

பூசானுக்குப் போய்ப் பெரிய ஆஸ்பத்திரியில் காட்டினோம். இரண்டு புறங்கையையும் ஒட்டவைத்து மடக்கிப் பிடிக்கச் சொன்னார் டாக்டர், கொஞ்ச நேரத்தில் விரலெல்லாம் ஊசி குத்தியது. கம்பி ஒட்டி மின்சாரம் விட்டும் பார்த்தார்கள். "குளிரு இல்லம்மா, மணிக்கட்டுல நரம்பு நசுங்கிருக்கு. ரப்பரைப் போட்டு நீங்களே இன்னும் நசுக்கிட்டீங்க" என்றார். கட்டைவிரல் அடியில் சதை வற்றிவிட்டதாம், பட்டை கட்டவும் ஊசி போடவும் காலம் கடந்துவிட்டதாம், உள்ளங்கையில் கீறி நரம்பை அழுத்துகிற நாரை அறுத்துவிட வேண்டும், தள்ளிப்போட்டால் அந்த விரலுக்குப் பலம் திரும்பாது என்றார். சிப்பிக் காலம் முடிந்து நீ வந்ததும் பார்க்கலாம் என்று நான் திரும்பி வந்துவிட்டேன். பள்ளியை விட்டதிலிருந்து கும்ஹி கொட்டகையில் யாரிடமும் வாய் திறப்பதில்லை, உனக்குத் தெரியும். மறுநாள் அவள் மேற்பார்வையாளர் எதிரில் போய் நின்று, காதெல்லாம் சிவக்க, "எங்கம்மா நாளையிலேர்ந்து வரமாட்டாங்க, கையில ஆபரேஷன்" என்று சொல்லிவிட்டாள். எல்லோருடைய கத்தியும் அப்படியே நின்றுவிட்டது. இதை எழுதமாட்டேன் என்கிறாள், எழுதுடி என்கிறேன்.

செவ்வாய்க்கிழமை ஆபரேஷன். இந்த வருஷம் முட்டைக்கோஸ் கிம்ச்சிக்கு மசாலா பிசைவது அவள்தான், பாதி ஜாடிதான் போடுகிறோம், சாப்பிட யார் இருக்கிறார்கள். நீ கயிறு இழுக்கிறவன், விரல் மரத்தால் ஒளிக்காதே, உடனே சொல்லிவிடு. முன்னோர்கள் உன்னைக் காத்து முழு உடம்போடு கரை சேர்க்கட்டும்.

அம்மாவுக்குப் பயமில்லை என்று எழுதி முடி என்றேன். பேனாவை வைத்துவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். சரி, பயமாகத்தான் இருக்கிறது என்று எழுதிக்கொள் என்றேன், எழுதிவிட்டாள். ஆனாலும் போகிறேன்.

உன் வரவைப் பார்த்திருக்கும்
அம்மா
(எழுத்து கும்ஹியுடையது)