டவர் பாறை மேட்டிலேயே நிற்கட்டும்

அண்ணா,

கஞ்சி அடுப்பு மேல இருக்கு, மத்திக் குழம்பு சட்டியில. சாப்பிடாம பாக்குத் தோட்டத்துக்கு ஓடாதே. நான் மங்களூர் கோர்ட்டுக்குக் கிளம்பிட்டேன்.

"அம்மா வழி நிலம் உன் பேர்ல இருக்கு, எங்கே வேணா கையெழுத்துப் போடு. மரம் வச்சவனை யார் கேட்பாங்க?"ன்னு நேத்துக் கத்தினியே. நான் பாதியில எழுந்து போனதுல இன்னும் கோபமா இருப்பே.

கையெழுத்துத்தான் போடப் போறேன். ஆனா தோட்டத்துக்கு இல்ல. உன் தோட்டத்து மேல வரவிருந்த டவரையும் மின்கம்பியையும் நம்ம பாறை மேட்டு வழியாத் திருப்ப நான் ஒத்துக்கிட்டா, லைன் போடற கம்பெனிக்கும் சம்மதம்னு வக்கீல் ஹெக்டே சொன்னார். ஜட்ஜ் முன்னாடி எழுதிக் கொடுத்துட்டா உன் பாக்கு மரத்துல ஒண்ணைக்கூட வெட்ட மாட்டாங்க.

"அந்த மேட்டுலதானே நீ வீடு கட்டறதா இருந்தே?"ன்னு குதிக்காதே. கம்பிக்குக் கீழ வீடு கட்ட விடமாட்டாங்கன்னு எனக்கும் தெரியும். வீட்டை நான் இன்னும் கட்டல. மரத்தை நீ வளர்த்துட்டே.

அதுக்குள்ள, வெட்டற மரத்துக்கு நம்பர் போடக் கம்பெனி ஆளுங்க வந்தா அரிவாளைத் தூக்காதே. டீ கொடுத்து உட்கார வை. நான் ஹெக்டே போன்லேர்ந்து பேசறேன்.

வினோதா

சாவியை எடுத்துட்டுப் போகல. கோபத்துல தாழ்ப்பாள் போட்டுட்டுப் படுத்துடாதே. இனிமே எனக்கும் இந்த வீடு ஒண்ணுதான்.