முக்கால் வட்டி

திண்டுக்கல்,
14-2-2024, புதன்கிழமை.

அன்பு மகள் சுகன்யாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான், உன் அம்மா, உன் மகள் தமிழ்மதி மூன்று பேர் உடம்புக்கும் ஒரு குறையும் இல்லை. அங்கே மஸ்கட்டில் நீயும் மாப்பிள்ளையும் சுகமாக இருக்க அபிராமி அம்மன் துணை இருக்கட்டும். தினமும் வீடியோவில் முகம் பார்க்கிற மனுஷன் திடீரென்று கடிதம் எழுதுகிறானே என்று பயந்துவிடாதே, ஆஸ்பத்திரி சமாச்சாரம் எதுவும் இல்லை. போனில் சொல்லத்தான் பார்த்தேன். நாலு நாளாகப் பார்த்தேன். தமிழ்மதி மடியை விட்டு இறங்குவதில்லை, அவள் இறங்கினாலும் உன் முகம் திரையில் வந்ததும் மழை வருமா வெயில் அடிக்கிறதா என்று எதையாவது கேட்டுவிட்டு வைத்துவிடுகிறேன். நல்ல வேளை, பக்கத்து வீட்டு மீரான் வெள்ளிக்கிழமை திருச்சியிலிருந்து உங்கள் ஊருக்கு விமானம் ஏறுகிறான், அவன் கையில் பருப்புப் பொடியும் அம்மா இடித்த இட்லிப் பொடியும் இதையும் கொடுத்து அனுப்புகிறேன். பொடியைப் பிறகு பிரிக்கலாம், இதை முதலில் படி. மார்ச் ஒன்றாம் தேதி வேலைக்கு நோட்டீஸ் கொடுத்துவிட்டு ஜூனில் ஊருக்கு வந்துவிடுவேன் என்றாயே, அதற்கு முன்னால் நீ இதைப் படித்தாக வேண்டும்.

வீட்டுக் கடனில் எவ்வளவு மீதி இருக்கிறது என்று பேப்பர் வாங்கி அனுப்பச் சொன்னாய் அல்லவா, அதற்காகப் போன வியாழன் வங்கிக்குப் போனேன். சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டு கல்யாண வீட்டுக்குப் போவதுபோல் போனேன் என்று உன் அம்மா இப்போது சொல்லிக் காட்டுகிறாள். அங்கே மலர்விழி என்று ஒரு அதிகாரி, உன் வயதுதான் இருக்கும், நல்ல பொறுமைசாலி. நமது கணக்கைத் திறந்து, திரையை என் பக்கம் திருப்பி வைத்தாள். இரண்டாயிரத்து இருபத்தொன்று ஜனவரியில் நாம் வாங்கியது இருபத்தைந்து லட்சம், தவணை மாதம் பத்தொன்பதாயிரத்து முந்நூற்று எண்பத்திரண்டு, நீ ஒரு மாதம்கூடத் தவறியதில்லை, முப்பத்தேழு தவணை கட்டியாயிற்று. கூட்டினால் ஏழு லட்சத்துப் பதினேழாயிரம். அசலில் எவ்வளவு குறைந்திருக்கிறது தெரியுமா தாயி, ஒரு லட்சத்து இருபத்தெட்டாயிரம். மீதி அத்தனையும் வட்டிக்குப் போயிருக்கிறது. இருபத்து மூன்று லட்சத்து எழுபத்திரண்டாயிரம் அப்படியே நிற்கிறது. முப்பத்தேழு மாதம் டிக்கெட் கிழித்துக் கொடுத்தும் பஸ் இன்னும் ஸ்டாண்டை விட்டு வெளியே வரவில்லை. கடைசித் தவணை எப்போது என்று கேட்டேன். இருபது வருடக் கடன், நாற்பத்தொன்றில் முடியும் என்றுதான் உனக்கும் எனக்கும் நினைப்பு. அவள் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் 2051 டிசம்பர் என்று இருந்தது. கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தேன், அப்போதும் அதுதான்.

எப்படி என்று அவளே சொன்னாள். நமது வட்டி நிலையான வட்டி இல்லையாம், ஏறும் இறங்கும். நாம் வாங்கும்போது ஏழு சதவீதம், பிறகு படிப்படியாக ஏறி ஒன்பது ஆகிவிட்டது. வட்டி ஏறினால் தவணையைக் கூட்ட வேண்டும், இல்லை வருடத்தைக் கூட்ட வேண்டும். தவணை கூடினால் ஆட்கள் சண்டைக்கு வருவார்கள் என்று வருடத்தைக் கூட்டிவிடுவதுதான் வழக்கமாம். அதைச் சொல்லி ஒவ்வொரு முறையும் செய்தி அனுப்பியிருக்கிறார்கள், என் போனுக்கு. நான்தானே கடனில் கூட்டுக் கையெழுத்து, என் நம்பர்தானே கொடுத்திருந்தோம். இங்கிலீஷில் நீளமாக வரும், நான் இ.எம்.ஐ. என்ற இடத்தை மட்டும் தேடிப் பார்ப்பேன், தொகை மாறவில்லை என்றதும் சந்தோஷமாக மூடி வைத்துவிடுவேன். டீக்கடையில் வேறு பெருமையடித்திருக்கிறேன், எல்லாருக்கும் கூட்டினான், நமக்கு மட்டும் ஒரு ரூபாய் கூட்ட முடியவில்லை பார்த்தாயா என்று. எனக்கே இப்போது அந்தக் கடைப் பக்கம் போகக் கூச்சமாக இருக்கிறது.

இதுவரை எழுதியது என் அறியாமை. அதற்கு மன்னிப்பு உண்டு. இனி எழுதப் போவது அறியாமை இல்லை. அந்த இடத்தில்தான் பேனா நகர மாட்டேன் என்கிறது.

இரண்டாயிரத்து இருபத்திரண்டு ஜூனில் நீ நாலு லட்சம் அனுப்பினாய். இரண்டு வருடம் ஊருக்கு வராமல் டிக்கெட் காசை மிச்சம் பிடித்து, இரட்டை ஷிப்ட் பார்த்துச் சேர்த்தது, தமிழ்மதி தத்தித் தத்தி நடந்ததைக்கூட நீ போனில்தான் பார்த்தாய். அப்பா, இதை அப்படியே அசலில் கட்டிருங்க என்றாய். கட்டியாயிற்று என்றேன். மூன்று முறை கேட்டாய், மூன்று முறையும் கட்டியாயிற்று என்றேன். போன மாதம்கூட, மீதி பத்தொன்பது லட்சத்துக்கு வந்திருக்கும் என்று வாய்க்கணக்காகச் சொன்னேன். சுகன்யா, நான் அதை வங்கியில் கட்டவே இல்லை.

நமது ஊர்க்காரர்களுக்கு ஒரு புத்தி இருக்கிறது. வருடத்துக்கு ஒன்பது சதவீதம் என்று வங்கியில் சொன்னால் நமக்கு ஏறாது, அதைப் பன்னிரண்டாக வகுத்து, நூறு ரூபாய்க்கு மாதம் முக்கால் ரூபாய், ஆக முக்கால் வட்டி என்று மாற்றிக்கொண்டால்தான் புரியும். வெளியில் இரண்டு வட்டி, மூன்று வட்டி ஓடுகிறது, முக்கால் வட்டி என்றால் சும்மா கிடைக்கிற பணம் மாதிரி. அந்த நேரம் பார்த்துப் பொம்மையனை ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் பார்த்தேன். உனக்கு நினைவிருக்கும், தக்காளிக் கமிஷன் மண்டி வைத்திருந்தானே, என் பழனி பஸ்ஸில் இருபது வருடம் முன் சீட்டில் உட்கார்ந்து வந்தவன். பேச்சுவாக்கில் நான்தான் உன் பணத்தைப் பற்றிச் சொன்னேன். அவன் சிரித்துவிட்டு, "ஏனுங்க கண்டக்டரே, முக்கா வட்டிக் கடனப் போயி யாராச்சும் அடைப்பாங்களா? எனக்குக் குடுங்க, மாசம் எட்டாயிரம் ரூவா வூட்டுக்கே வரும்" என்றான். நான் அங்கேயே நின்று மனக்கணக்குப் போட்டேன். வங்கியில் கட்டினால் மாதம் மூவாயிரம் மிச்சம், இவனிடம் கொடுத்தால் எட்டாயிரம் வரவு, ஐயாயிரம் லாபம். மூவாயிரம் எனக்குப் பிச்சைக் காசாகத் தெரிந்தது. சேர்த்து வைத்து ஒரு நாள் உன்னிடம் மொத்தமாகக் காட்டி, அப்பா கெட்டிக்காரர் என்று பேர் வாங்க வேண்டும் என்றுகூட நினைத்தேன்.

பதினைந்து மாதம் ஒழுங்காகத்தான் கொடுத்தான், ஒரு லட்சத்து இருபதாயிரம். சேர்த்தும் வைக்கவில்லை. வாசலுக்கு இரும்பு கேட் போட்டேனே, வீடியோவில் பார்த்துவிட்டு, பென்ஷனிலா இவ்வளவு அழகாகப் போட்டீங்க என்று கேட்டாயே, அந்தக் கேட் அந்தக் காசு. படிக்குப் போட்ட கிரானைட்டும் அதுதான். போன வருடம் தக்காளி ஏகத்துக்கு ஏறியபோது பொம்மையன் பெரிய விலைக்கு வாங்கிக் கேரளாவுக்கு லாரி லாரியாக அனுப்பினான், அங்கிருந்து பணம் வருவதற்குள் விலை படுத்துவிட்டது, வர வேண்டியதும் வரவில்லை. மண்டியை மூடிவிட்டான். அவன் ஏமாற்றினான் என்று சொல்ல மாட்டேன், போய் நின்றால் தலையைக் குனிந்துகொண்டு ஐயாயிரமோ பத்தாயிரமோ தருகிறான். ஐந்து மாதத்தில் எழுபதாயிரம் வந்திருக்கிறது. நான் உன்னிடம் குனிய வேண்டிய தலையை அவன் என்னிடம் குனிந்தான், அவ்வளவுதான் வித்தியாசம்.

இதையெல்லாம் அந்த மலர்விழியிடம் சொல்லவில்லை. ஆனால் ஒன்று மட்டும் கேட்டேன், இருபத்திரண்டு ஜூனில் நாலு லட்சம் கட்டியிருந்தால் கணக்கு எப்படி இருந்திருக்கும் அம்மா என்று, யாருக்காகவோ கேட்பதுபோல் கேட்டேன். அவள் தட்டிப் பார்த்துவிட்டு, "இன்னும் பதினஞ்சு வருஷத்துல முடிஞ்சிருக்கும் சார். பன்னெண்டு வருஷம் பத்து மாசம் குறைஞ்சிருக்கும்" என்றாள். ஆரம்பத்தில் கட்டுகிற ஒரு ரூபாய், பின்னால் வருடக்கணக்கில் ஏறப் போகிற வட்டியைச் சேர்த்து வெட்டுமாம். நான் இந்த மாதத்துக்கு எவ்வளவு என்று மட்டும் பார்த்தவன். முக்கால் வட்டியை இருபது வருடத்துக்கு, முப்பது வருடத்துக்கு இழுத்தால் என்ன ஆகும் என்று ஒரு நாளும் பார்க்கவில்லை. இப்படியே போனால் இருபத்தைந்து லட்சத்துக்கு நாம் கட்டி முடிக்கும்போது எழுபத்திரண்டு லட்சம். வெளியே வந்து ஸ்கூட்டரைத் தள்ளிக்கொண்டே பழனி ரோடு வரை நடந்திருக்கிறேன், சாவி போட்டு ஓட்டலாம் என்பதே தோன்றவில்லை.

முப்பத்தொரு வருட சர்வீஸில் என் பையில் ஒரு ரூபாய் குறைந்ததில்லை, உனக்குத் தெரியும். குறைந்தால் அன்றைக்கே டிப்போவில் கைக்காசைப் போட்டுக் கட்டிவிட்டுத்தான் வீட்டுக்குப் போக வேண்டும், அதுதான் எங்கள் சட்டம். உன் கணக்கில் என்னால் பன்னிரண்டு வருடம் துண்டு விழுந்திருக்கிறது. அதைக் கட்ட எந்தக் கையில் காசு இருக்கிறது. வெட்கமாக இருக்கிறது தாயி. அறுபத்திரண்டு வயதில் பெற்ற பிள்ளையிடம் பொய் சொன்னேன் என்று எழுதுகிற வெட்கம் வேறு யாருக்கும் வர வேண்டாம். மாப்பிள்ளை மணிமாறனின் காசும் அதில் இருந்தது, அவர் ஒரு வார்த்தை கேட்டதில்லை, அவர் முகத்தில் எப்படி விழிப்பேன் என்று தெரியவில்லை. இதை அவரிடம் மறைக்காதே, நீயே படித்துக் காட்டு.

உன் அம்மாவுக்கும் ஞாயிற்றுக்கிழமைதான் சொன்னேன். சத்தம் போடுவாள் என்று பார்த்தேன், போடவில்லை. கொஞ்ச நேரம் அந்தக் கேட்டையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "நீங்களே எழுதுங்க. எம் மககிட்ட இத நான் சொல்ல மாட்டேன்" என்றாள். அன்றிலிருந்து சோறு போடுகிறாள், வெஞ்சனம் வைக்கிறாள், பேச்சு மட்டும் இல்லை. தமிழ்மதிக்கு ஒன்றும் தெரியாது. ஜூன் மாதத்தைக் காலண்டரில் சிவப்புப் பென்சிலால் வட்டம் போட்டு வைத்திருக்கிறாள், ஒன்றாம் வகுப்புக்கு அம்மாதான் கூட்டிக்கொண்டு போகும் என்று பால்காரரிடமும் சொல்லியாயிற்று. கையில் இருக்கிற ஒன்பது லட்சத்தைக் கட்டிவிட்டால் மீதி பத்து, அதை மாப்பிள்ளை சம்பளத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்றுதானே நீ திட்டம் போட்டாய். மீதி பத்து இல்லை, பதினாலு. வா என்று சொல்லவும் வராதே என்று சொல்லவும் எனக்கு யோக்கியதை இல்லை. சரியான தொகையைத் தெரிந்துகொண்டு நீங்கள் இருவரும் முடிவெடுங்கள், எந்த முடிவானாலும் அது என்னால் வந்தது என்பதை மட்டும் நான் மறக்க மாட்டேன்.

என்னால் ஆனதைச் செய்திருக்கிறேன். பொம்மையன் தந்த எழுபதாயிரத்தைத் திங்கட்கிழமை அசலில் கட்டிவிட்டேன், ரசீது இதோடு இருக்கிறது, நிஜ ரசீது. அதற்கே மூன்று வருடம் குறைந்திருக்கிறது என்றாள் அந்தப் பெண், நம்ப முடியவில்லை. தவணையை மாதம் மூவாயிரம் கூட்டிக் கட்டினால் இன்னும் எட்டு வருடம் குறைந்து இரண்டாயிரத்து நாற்பதில் முடியுமாம். உங்கள் ஒன்பது லட்சத்தை நான் இந்தக் கணக்கில் சேர்க்கவில்லை. அந்த மூவாயிரம் என் பென்ஷனிலிருந்து போகும், அன்றைக்குப் பிச்சைக் காசு என்று நினைத்தேனே, அதே மூவாயிரம். அதற்கான படிவத்தில் நான் கையெழுத்துப் போட்டுவிட்டேன், பென்சிலில் குறி வைத்த இடத்தில் நீயும் போட்டு மீரான் திரும்பும்போது கொடுத்துவிடு. இனிப் பொம்மையன் தருவதும் வந்த அன்றே வங்கிக்குப் போய்விடும்.

குளிர்ந்த தண்ணீரில் தலைக்கு ஊற்றாதே, உனக்குச் சைனஸ் வரும். ராத்திரி டியூட்டியில் வெறும் டீயோடு நிற்காதே. மாப்பிள்ளை நீண்ட தூரம் வண்டி ஓட்டுகிறவர், நேரத்துக்குச் சாப்பிடச் சொல். ஒன்றை மறக்காமல் செய், வங்கியில் என் போன் நம்பரை எடுத்துவிட்டு உன் நம்பரைக் கொடுத்துவிடு, பாஸ்வேர்டை மாற்றிக்கொள், மாற்றியதை என்னிடம் சொல்லாதே. நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல், நினைத்தது நடந்து, நீண்ட காலம் ஒன்றாக வாழ வேண்டும். இரண்டாயிரத்து நாற்பதில் எனக்கு எழுபத்தெட்டு வயது. பென்ஷன் ஆள் இருக்கும்வரைதான் முழுசாக வரும். அதனால் திங்கட்கிழமையிலிருந்து டீயில் சீனியை நிறுத்திவிட்டேன், காலையில் நடக்கவும் போகிறேன்.

உனக்குக் கடன்பட்ட அப்பா,
சி. முருகேசன்.