நீ நின்ற வெயிலுக்குப் பதில்

என் தோள்மேல் கைபோட்டு நடந்த மச்சான் முனிரத்தினத்துக்கு,

நாளைக்கு உனக்கு வருஷ திதி. நகரியிலிருந்தும் புத்தூரிலிருந்தும் ஆட்கள் வருகிறார்கள். திருத்தணிக்காரர்களும் வருகிறார்கள். அவர்கள் இப்போது வேறு ராஜ்யத்திலிருந்து வருகிறார்கள், அது உனக்குத் தெரியாது. அந்தச் சேதியைப் பிறகு சொல்கிறேன்.

இலை போடுவதற்கு முன்னால் உன் படத்தின் எதிரே நின்று இந்தக் கடிதத்தை உரக்கப் படிக்கப் போகிறேன். திருப்பதியில் மொட்டை போட்ட அன்று எடுத்த படம்தான். வேறு படம் நீ எடுத்துக்கொள்ளவில்லையே, நான் என்ன செய்ய? மூன்றாம் வகுப்பு முக்கால்வாசி படித்தவன் எழுதுகிறேன். அந்த முக்காலை வைத்துக்கொண்டே நான் சித்தூர் கலெக்டர் கச்சேரி வரைக்கும் பேசி வந்தவன் என்பது ஊருக்குத் தெரியும்.

அழுவதற்காக எழுதவில்லை மச்சான். பழி வாங்கிய சேதியைச் சொல்வதற்காக எழுதுகிறேன்.

போன வருஷம் பங்குனியில் நடந்ததை இங்கே உட்காரப் போகிறவர்களில் பாதிப்பேர் மறந்திருப்பார்கள். நம் ஊர் வழக்கம் என்ன? பிள்ளையைச் சேர்க்கும் நாளில் தட்டில் பொரியும் வெல்லமும் வைத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போவோம். அப்புறம், கடலை பிடுங்கவோ மாடு மேய்க்கவோ பிள்ளையை நிறுத்தும் நாளில் போவோம். நடுவில் போகிற பழக்கம் யாருக்கும் கிடையாது. நீதான் முதல் ஆளாகப் போனாய்.

"ரெண்டாவது முடியப் போவுது. எம் பொண்ணு சிலேட்டுல கோடு கிழிச்சிக்கினு கீது. இன்னா சாமி சொல்லிக் குடுக்கறீங்க?" என்றுதானே கேட்டாய். அதில் என்ன தப்பு?

அய்யவாரு, அய்யவாரு என்று ஊரே கும்பிடுகிற அந்தத் தலைமை வாத்தியார் மூன்று படிக்கு மேலே நின்றுகொண்டு தெலுங்கில் சொன்னார்: "நீக்கே சதுவு ராது, நுவ்வு நன்னு அடுகுதாவா?" உனக்கே படிப்பு வராது, நீ என்னைக் கேட்கிறாயா என்று. இத்தனைக்கும் அவர் நம்மைப் போலத் தமிழ் வீட்டில் பிறந்தவர். அவர் தாயார் இன்றைக்கும் கோழியைத் தமிழில்தான் திட்டுகிறாள். ஆந்திரா என்று தனி ராஜ்யம் பிறந்த அன்றைக்கு அவர் நாக்கும் புதிதாகப் பிறந்துவிட்டது.

மணி அடிக்கும் வரைக்கும் கீழேயே நில் என்றார். நீயும் நின்றாய். தலையில் துண்டுகூடப் போடாமல் அந்த வெயிலில் ஏன் நின்றாய் மச்சான்? ஜன்னல் வழியே உன் மகள் கனகா பார்த்துக்கொண்டிருந்தாள், அதனாலா? போய்விட்டால் அவளை அடிப்பார் என்று பயந்தாயா? கேட்க நினைத்தேன். கேட்கவில்லை.

வைகாசியில் காய்ச்சல் வந்து சித்தூர் ஆஸ்பத்திரியில் கிடந்தாய். கடைசியாக நீ என்னிடம் கேட்டது சோறு இல்லை, தண்ணீர் இல்லை. "அந்த ஆளு இன்னும் நம்மூர்லதான் கீறானா?" என்று கேட்டாய். "கீறான். நான் பாத்துக்கறேன்" என்றேன். நீ கண்ணை மூடிக்கொண்டாய். என்னை நம்பி மூடினாயா, என்னைத் தெரிந்ததால் மூடினாயா?

அன்றிலிருந்து எனக்கு அதே வேலை. அவர் சைக்கிளைக் கிணற்றில் தள்ளலாமா, நம் செவலைக் காளையை அவிழ்த்துவிடலாமா என்று யோசித்தேன். புத்தூர் சந்தையில் அவர் சட்டையைப் பிடித்துத் தூக்கிவிட்டதாகவே சொல்லியும் வைத்தேன். கேட்டவர்கள் சந்தோஷப்பட்டார்கள். சட்டையைப் பிடித்தது மட்டும் நடக்கவில்லை.

அதற்குள் ஒரு தப்பு செய்தேன். சபையில் ஒப்புக்கொள்கிறேன். ஆனியில் பள்ளிக்கூடம் திறந்ததும், தமிழ் வகுப்பை மூடப் போகிறார்கள், பெற்றவர்கள் மனு கொடுத்தால் நிற்கும் என்று பேச்சு வந்தது. நான் கிளம்பிவிட்டேன். பதினோரு ஊர் சுற்றியதாகச் சொல்வேன், நீ நம் மூன்று தெரு என்று வைத்துக்கொள். மனுவை நானே தமிழில் எழுதி, வீட்டுக்கு வீடு கையெழுத்து வாங்கி, சித்தூரில் பள்ளிக்கூட அதிகாரியிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

அந்த அதிகாரி காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சிரித்தார். அத்தனை கையெழுத்தும் தெலுங்கு. நம் ஆட்களுக்குக் கையெழுத்து என்று ஒன்று தெரிந்தால் அது ஊர்க் கணக்கு எழுதுகிற கரணம் பழக்கிவிட்டது, அவர் தெலுங்கில்தான் பழக்கினார். கோலம் மாதிரி அதைப் போடுவோமே தவிர என்ன பாஷை என்று யார் பார்த்தோம்? என்னுடையதும் அப்படித்தான், வாலை நீளமாக இழுத்து ஜோராகப் போட்டிருந்தேன். "ஒருத்தர்கூடத் தமிழ்ல போடலியே. உங்க பிள்ளைங்களுக்கு மட்டும் எதுக்குத் தமிழ்?" என்றார் அதிகாரி. எதற்கோ வந்திருந்த அய்யவாரு பக்கத்தில் நின்று பல்லைக் காட்டினார். அந்தப் பல்லை இன்னும் எண்ணி வைத்திருக்கிறேன்.

தமிழ் வகுப்பு போயிற்று. கனகா தெலுங்கில் உட்கார்ந்தாள். தை மாதம் அய்யவாரு சொல்லி அனுப்பினார்: சித்திரையில் இன்ஸ்பெக்டர் வரும்போது இந்தப் பெண் தெலுங்குப் புத்தகத்தில் ஒரு பக்கம் படிக்க வேண்டும், படிக்காவிட்டால் பேரை அடித்துவிடுவேன் என்று.

நான் மாடு ஓட்டுகிற தார்க்குச்சியை எடுத்தேன். உன் பெண்டாட்டி, என் தங்கை மங்கம்மா, வாசலில் விதைக்கடலை உரித்துக்கொண்டிருந்தாள்.

"எங்க போற?"

"அவன் காலை ஒடைச்சிட்டு வரேன்."

"ஒடைச்சா கனகாவுக்குப் படிப்பு வந்துடுமா? குந்து."

"உம் புருஷனை வெயில்ல நிக்க வெச்சது மறந்துபோச்சா ஒனக்கு?"

"மறந்தவ மாதிரியா கீறேன்? ஒன்னைவிட எனக்குத்தான் வயிறு எரியுது. அடிச்சா அவருக்கு நாலு நாளு வலிக்கும். நான் சொல்றத செய், வருஷம் பூரா வலிக்கும்."

மச்சான், இப்படிப்பட்ட ஒருத்தியோடு நீ பத்து வருஷம் எப்படிக் குடித்தனம் செய்தாய்?

அவள் செய்தது இதுதான். சாயங்காலம் மாடு கறந்ததும் கனகாவை உட்காரவைத்து, "எங்களுக்கு ஒண்ணும் தெரியாது. இன்னிக்கு அங்க நடந்த பாடத்த எங்களுக்கு நீ சொல்லிக் குடு" என்பாள். ஒரு பக்கம் அவள், ஒரு பக்கம் நான். பெண் சொல்லிக்கொண்டே வந்து ஓர் இடத்தில் தடுக்கி நிற்கும். மங்கம்மா திட்டமாட்டாள். கடலையை உரித்துக்கொண்டே காத்திருப்பாள். இன்னொரு தரம் சொல்லச் சொல்வாள். அப்போதும் வராவிட்டால், "தெரியலன்னா வெக்கமில்ல. நாளைக்கு அவரையே கேளு. எங்கம்மா கேட்டுக்கினு வரச் சொன்னாங்கன்னு சொல்லு" என்பாள்.

தினம் ஒரு கேள்வி. எழுத்தறியாத ஒரு பொம்பளையிடமிருந்து அந்த மூன்று படிக்கு மேலே தினம் ஒரு கேள்வி போயிற்று.

முதல் நாள் சிலேட்டுப் பலப்பத்தை விட்டெறிந்தாராம். பெண் அழுதுகொண்டு வந்தது. "மாமா, அவரு திட்டறாரு." நான் எழுந்தேன். மங்கம்மா என் வேட்டியைப் பிடித்து உட்காரவைத்துவிட்டு மகளிடம் சொன்னாள்: "திட்டட்டும். திட்டி முடிக்கற வரைக்கும் நில்லு. உங்க நைனா நின்னாரே, அந்த மாதிரி. முடிச்சதும் திருப்பிக் கேளு."

கிணற்றடியில் மற்ற பொம்பளைகளுக்கும் சொன்னாள். ஒரு மாதத்தில் ஒன்பது பிள்ளைகள் காலையில் வரிசையாக நின்று, எங்கம்மா கேக்கச் சொன்னாங்க, எங்கம்மா கேக்கச் சொன்னாங்க என்றன. தொண்ணூறு என்று நான் வெளியூரில் சொல்லியிருக்கிறேன். ஒன்பதுக்கே அவர் முகம் வாடிவிட்டது. பாடப் புத்தகத்தை வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போய்ப் படித்துவிட்டு வர ஆரம்பித்தார். படிப்பு வராது என்று உன்னைச் சொன்ன மனுஷனை உன் பெண்டாட்டி படிக்கவைத்தாள். நான் தினமும் பள்ளிக்கூடத்துப் பக்கமாகச் சுற்றிக்கொண்டு போய் அந்த முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் வயலுக்குப் போவேன்.

கடலை பிடுங்கும்போதுகூடக் கனகாவை ஒரு நாள் நிறுத்தவில்லை. அவள் வரிசையையும் சேர்த்து நானே பிடுங்கினேன். இடுப்பு இன்னும் சொல்கிறது. தெலுங்கு எழுத்தும் எனக்கு வந்துவிட்டது. "மாமா, வாலை இந்தப் பக்கம் திருப்பணும்" என்று உன் மகள் என் விரலில் தட்டித் தட்டிப் பழக்கினாள். பதிலுக்கு அவளுக்கும் மங்கம்மாவுக்கும் தமிழ் எழுத்து என் உபயம்.

சித்திரையில் இன்ஸ்பெக்டர் வந்தார். நான் ஜன்னலுக்கு வெளியே கையைக் கட்டிக்கொண்டு நின்றேன், அதே ஜன்னல். கனகா படித்தாள். இரண்டு இடத்தில் தடுக்கினாள். வீட்டில் நிற்பது போல நின்று, திருப்பி ஆரம்பித்து, பக்கத்தை முடித்தாள்.

இன்ஸ்பெக்டருக்குப் பிடித்துப் போயிற்று. சுவரில் இருந்த ஜில்லா தேசப்படத்தில் திருத்தணியைக் காட்டச் சொன்னார். அவள் விரலை வைத்துவிட்டுச் சொன்னாள்: "படத்துல இங்க கீது சார். ஆனா இப்ப மெட்ராஸ் பக்கம் போயிடுச்சி. எங்கம்மாவோட அத்தை வீடு அங்கதான். போன வாரம் அம்மா இத அய்யவாரைக் கேட்டுக்கினு வரச் சொன்னாங்க. அவரு நம்ம ஜில்லாதான்னு சொன்னாரு."

ஆமாம் மச்சான், எல்லையைப் பிரித்துவிட்டார்கள். திருத்தணி அந்தப் பக்கம், சத்தியவேடு இந்தப் பக்கம். மாடு விற்கப் போகிறவனுக்குக்கூடத் தெரிந்த சேதி, பழைய படத்தைப் பார்த்துப் பாடம் சொன்னவருக்குத் தெரியவில்லை. இன்ஸ்பெக்டர் திரும்பி, "ஏமண்டி?" என்று ஒரு வார்த்தைதான் கேட்டார், என்னங்க இது என்கிற மாதிரி. அய்யவாரு மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"உங்கம்மா படிச்சவங்களா?"

"இல்ல சார். தினம் எங்கிட்ட பாடம் கேப்பாங்க."

நான்காம் வகுப்புக்குத் தள்ளியாயிற்று. ரிஜிஸ்டரில் கையெழுத்துப் போடத் தாயைக் கூப்பிடுங்கள் என்றார் இன்ஸ்பெக்டர். மங்கம்மா வயலிலிருந்து சேற்றுக்காலோடு வந்து படிக்குக் கீழே நின்றாள். நீ நின்ற இடம். நீ நின்ற உச்சி வெயில்.

"மேல வாம்மா" என்றார் அய்யவாரு. தமிழ். அத்தனை வருஷம் கழித்து அந்த வாயிலிருந்து தமிழ்.

"பரவாயில்ல சாமி. எம் புருஷன் நின்ன எடம் இது. நீங்க எறங்கி வாங்க."

அவர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். இன்ஸ்பெக்டர் வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். ஜன்னலில் கனகா. அவர் இறங்கினார், ரிஜிஸ்டரைக் குனிந்து நீட்டினார். மங்கம்மா பேனாவை வாங்கி, நேரம் எடுத்து, ஐந்து எழுத்தில் தன் பெயரைத் தமிழில் எழுதினாள். சித்தூரில் நான் தலைகுனிந்து வந்ததற்கு அதுவே பதில்.

இத்தனை நாளும் ஊரில் நான் என்ன சொல்லித் திரிகிறேன் என்றால், அவர் மூன்று படியும் இறங்கி, வெயிலில் நின்று, தலையில் துண்டில்லாமல் வேர்த்தார் என்று. நாளைக்கும் அப்படியே படிக்கலாம் என்றுதான் எழுத உட்கார்ந்தேன். உன் மொட்டைத்தலைப் படத்தைப் பார்த்ததும் கை ஓடவில்லை. ஒரு படிதான் மச்சான். ஒரே ஒரு படி இறங்கினார், நிழலைவிட்டு வரவில்லை.

அதனால் என் வயிறு இன்னும் ஆறவில்லை. மிச்சம் இரண்டு படி இருக்கிறது. உன் சின்னவள் வள்ளி வருகிற மாதம் ஒன்றாம் வகுப்பில் சேருகிறாள். பொரி வெல்லத் தட்டை நான்தான் தூக்கிக்கொண்டு போவேன். மறுநாளும் போவேன், அதற்கு மறுநாளும் போவேன். அவளுக்குக் கனகாவைவிட வாய் அதிகம், ஒரு நாளைக்கு இரண்டு கேள்வி கேட்பாள். அந்த ஆள் இன்னும் நம் ஊரில்தான் இருக்கிறார். மாற்றல் கேட்டு எழுதிப் போட்டிருக்கிறாராம். கிடைக்கக் கூடாது என்று நானும் மங்கம்மாவும் வேண்டிக்கொண்டிருக்கிறோம். அவர் உன் வெயிலில் வந்து நிற்கும் நாளில் உனக்கு மறுபடி எழுதுகிறேன், அதில் ஒரு படிகூடக் கூட்டிச் சொல்லமாட்டேன்.

உன் பெண்களுக்குத் தாய்மாமனும், உனக்குச் சொன்ன சொல்லில் இன்னும் நிற்கிறவனுமான
உன் மச்சான் கோபாலு