டென்மார்க் அரிசிப் பொதியில் உள்ள பெண் யாரென அறியத் தருமாறு

அனுப்புநர்:
கந்தவனம் சோதிலிங்கம்,
அரிசிக் கொள்முதல் பொறுப்பாளர்,
டோர்ட்மண்ட், ஜேர்மனி.

பெறுநர்:
வர்த்தகப் பிரிவுப் பொறுப்பதிகாரி,
இலங்கைத் துணைத் தூதரகம்,
பிராங்பேர்ட்.

விடயம்: இலங்கையிலிருந்து டென்மார்க்கிற்கு ஏற்றுமதியாகும் சிவப்பரிசிப் பொதியில், இறந்துவிட்டதாகப் பதிவாகிய என் முதல் மனைவியின் படம் அச்சிடப்பட்டிருப்பது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

நான் கிளிநொச்சி மாவட்டத்தைச் சேர்ந்தவன். 2007ஆம் ஆண்டு முதல் ஜேர்மனியில் வசிக்கிறேன். தமிழர் நடத்தும் மொத்த விற்பனை நிலையமொன்றில் அரிசி வாங்கும் பொறுப்பு என்னுடையது. ஹம்பேர்க் துறைமுகத்தில் இறங்கும் அரிசியை டென்மார்க்கில் உள்ள தமிழ்க் கடைகளுக்கு லொறியில் அனுப்புவதே எமது வியாபாரத்தின் பெரும்பகுதி.

கடந்த இரண்டு ஆண்டுகளாக அந்த வியாபாரம் சரிந்துவருகிறது. காரணம் கேட்டபோது, டென்மார்க்கின் ஹேர்னிங் நகரில் கடை வைத்திருக்கும் ஆரூரன் என்பவர், "அண்ணை, எங்கட சனமே இப்ப டெனிஷ் சூப்பர்மார்க்கெற்றிலதான் சிவப்பரிசி வாங்குது. ஒருக்கா வந்து பாருங்கோ" என்றார். சென்ற ஏப்ரலில் நேரில் போனேன். அவர் சொன்னது உண்மை. முன்னர் டெனிஷ் மக்கள் வாங்கியது வெள்ளை அரிசியும், பாலில் கஞ்சி காய்ச்சும் உருண்டை அரிசியும்தான். இப்போது நீரிழிவுக்கு நல்லதென்று சிவப்பரிசியைத் தேடுகிறார்கள். அங்குள்ள இறக்குமதியாளர்கள் எம்மைப் போன்ற இடைத்தரகர்களை விட்டு, கொழும்பிலிருந்து நேரடியாக வரவழைக்கிறார்கள். விளைவித்தவரின் முகம் தெரிந்தால் கூடுதலாக விற்கும் என்பதால், சிறு பொதிகளில் விவசாயியின் படத்தையும் போடுகிறார்கள்.

ஆரூரனுடன் போன சூப்பர்மார்க்கெற்றில் அப்படியொரு பொதியைத்தான் நான் கையில் எடுத்தேன். வயலில் குனிந்து அரிவிவெட்டும் பெண்ணொருவர், யாரோ கூப்பிட்டதுபோல் நிமிர்ந்து பார்க்கிறார். அரிவாள் இடக்கையில் இருக்கிறது. இடப்புருவத்தின் மேல் ஒரு வெட்டுத் தழும்பு.

ஐயா, அவர் என் மனைவி புவனலோஜினி.

பொதியுடன் அரிசி அடுக்கியிருந்த தட்டுக்கு முன்னால் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். ஆரூரன் பதறி, "அண்ணை, உடம்பில சீனி குறைஞ்சிட்டுதோ?" என்று கேட்டார். பொதியைக் காட்டினேன். அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை.

நான் ஜேர்மனிக்கு வந்தபின் புவனலோஜினியை இங்கே எடுப்பதற்கு விண்ணப்பித்திருந்தேன். அவரோ போருக்குள் அகப்பட்டுக்கொண்டார். 2009 ஜனவரியில் கடைசியாகத் தொலைபேசியில் கதைத்தோம். அவர் இருந்த பதுங்குகுழி எறிகணை விழுந்து மூடிவிட்டதாகத் தப்பி வந்தவர்கள் கூறினார்கள். முகாம்களில் தேடினோம், பெயர் இல்லை. பின்னர் மரணச் சான்றிதழும் கிடைத்தது. அந்தியேட்டிக் கிரியையும் செய்தேன். 2014இல் ஜெயமலரை மணந்தேன். எமக்கு ஒரு மகள் இருக்கிறாள்.

இது பழைய படமாக இருக்கலாமே என்று தாங்கள் நினைக்கக்கூடும். நானும் அப்படித்தான் என்னைத் தேற்றப் பார்த்தேன். ஆனால் படத்தில் உள்ளவரின் முன்தலை நரைத்திருக்கிறது. புவனலோஜினிக்கு நரை விழுந்து நான் கண்டதில்லை. நான் புறப்பட்டபோது அவருக்கு வயது இருபத்தாறு.

பொதியை வீட்டுக்குக் கொண்டுவந்து, ஒன்றும் சொல்லாமல் குசினி மேசையில் வைத்தேன். எங்கள் வீட்டுச் சுவரில் புவனலோஜினியின் படம் மாலையுடன் தொங்குகிறது. ஜெயமலர் பொதியைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார். "இது அவா எல்லோ?" என்றார். பிறகு கதிரையில் ஏறி மாலையைக் கழற்றினார். "உயிரோட இருக்கிற ஆளுக்கு மாலை போடக்கூடாது" என்று சொல்லி, அதை மேசையில் பொதிக்குப் பக்கத்தில் வைத்தார். அன்று எங்கள் வீட்டில் யாரும் சாப்பிடவில்லை.

அந்த அரிசியை வரவழைத்த டென்மார்க் இறக்குமதி நிறுவனத்தில் லிசா என்ற அலுவலர் என் கதையைப் பொறுமையாகக் கேட்டு, கொழும்பு ஏற்றுமதியாளரிடம் விசாரித்தார். சென்ற ஆண்டு பெரும்போக அறுவடையில் எடுத்த படம் என்று பதில் வந்தது. பெண்ணின் பெயரையும் வயல் இருக்கும் ஊரையும் கேட்டதற்கு, அந்தப் பெண்ணே எவருக்கும் சொல்ல வேண்டாமென்று கேட்டுக்கொண்டதாக எழுதினார்கள். அதன்பின் லிசாவின் எந்தக் கேள்விக்கும் பதில் இல்லை. அடுத்த கப்பலில் வந்த பொதிகளில் அந்தப் பெண்ணின் முகம் இல்லை. ஒரு நெற்கதிரின் படம் மட்டும் இருந்தது. லிசா அதை எனக்கு அறிவித்தபோது, பதினாறு ஆண்டுகளுக்கு முன் வந்த அதே செய்தி மறுபடியும் வந்ததுபோல் திகைத்து நின்றேன்.

படத்தில் இருந்தவர் உண்மையிலேயே அப்படிச் சொன்னாரா, அல்லது பிரச்சினை வேண்டாமென்று நிறுவனம் சொல்கிறதா என்பது எனக்குத் தெரியாது. நான் மறுமணம் செய்தது அவர் காதுக்கு எட்டியிருக்கலாம். எட்டியதனால்தான் பேசாமல் இருக்கிறாரோ என்ற எண்ணம் என்னை வாட்டுகிறது.

ஆகவே ஐயா, ஏற்றுமதிப் பதிவுகள் மூலம் அந்த நெல் எந்தப் பிரதேசத்தில் வாங்கப்பட்டது என்பதைக் கண்டறிந்து, அப்பகுதிக் கிராம அலுவலர் வழியாக அவரைச் சந்திக்க ஒழுங்கு செய்யுமாறு வேண்டுகிறேன். போகிறவர் ஒரு பெண் அலுவலராக இருப்பது நல்லது. அவருடைய விலாசத்தை எனக்குத் தர வேண்டாம். முதலில் அவரிடமே கேளுங்கள். நான் எழுதியிருக்கிறேன் என்றும், அவர் இறந்ததாக நம்பியே அனைத்தும் நடந்தது என்றும் சொல்லுங்கள். கதைக்க விரும்பினால் என் தொலைபேசி இலக்கத்தைக் கொடுங்கள். விரும்பாவிட்டால் வற்புறுத்த வேண்டாம். அவர் நலமா, அவருக்குத் துணையாக யாரேனும் இருக்கிறார்களா என்பதை மட்டும் ஒரு வரியில் எழுதி அனுப்புங்கள். அந்தப் பெண் புவனலோஜினி இல்லையென்றாலும் தயவுசெய்து அதையும் மறைக்காமல் தெரிவியுங்கள்.

பொதியின் முன்பக்கத்தையும், எமது திருமணப் படத்தின் பிரதியையும் இணைத்துள்ளேன். தங்கள் ஒரு வரிக்காகக் காத்திருக்கிறோம்.

இடம்: டோர்ட்மண்ட்
திகதி: 16.06.2025

இப்படிக்கு,
க. சோதிலிங்கம்

நானும் இந்த மனுவில் கையொப்பம் இடுகிறேன். அவாவைக் கண்டால், நான் கோபமாக இல்லை என்று சொல்லுங்கோ.
ஜெயமலர் சோதிலிங்கம்