ஆறில் ஐந்து

அண்ணா,

இன்று காலையும் பேக்கரிப் பாண் விற்கிற ஓட்டோ பாட்டுப் போட்டுக்கொண்டு ஒழுங்கை முனையில் வந்து நின்றது. சூடான பாண் வாசனை அடித்ததும் உன் பல்தான் நினைவுக்கு வந்தது. நான் சொல்லச் சொல்ல மகள் எழுதுகிறாள். நீ இருந்தவரை 'நீங்கள்' என்றே கதைத்தேன். இனி 'நீ' போதும்.

இந்தக் கொட்டாஞ்சேனை வீட்டில் அம்மா தன் பாதியை எனக்குத் தந்தாள். கன்னியர் மடத்துக்குப் போன அக்கா, முழு வீட்டில் தனக்கிருந்த மூன்றில் ஒரு பங்கையும் எனக்கே விட்டாள். மிச்சம்தான் உனக்கு. கந்தோரில் கிளாக்கரான நீ, கடதாசியில் எழுதிக் கூட்டினாய். "மேல ஒண்டும் ஒண்டும் ரெண்டு. கீழ ரெண்டும் மூண்டும் அஞ்சு. உனக்கு அஞ்சில ரெண்டு பங்கடா."

"பாதியோட இன்னும் சேர்த்தா பாதியைவிடக் குறையுமோ அண்ணா?"

"கைநாட்டுக்குக் கணக்கும் வருதாம்!"

பங்குப் பத்திரத்துக்குச் சாட்சிக்கு வந்த உன் கூட்டாளிகள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்கு வெட்கப்பட்டுத்தான் பெருவிரலை மையில் வைத்தேன்.

மறுநாள் காலை ஒரு றாத்தல் பாணை ஆறு சம துண்டாக வெட்டினேன். பாதிக்கு மூன்று, மூன்றில் ஒன்றுக்கு இரண்டு. ஒரே அளவாக வெட்டினால்தானே கூட்டலாம்? ஐந்து துண்டையும் தட்டில் வைத்து உன்னிடம் ஓடி வந்தேன். நீ ஒன்றை எடுத்துக் கடித்தாய். "பாண் நல்லாத்தான் இருக்கு" என்றாய்.

பிறகு முன்வாசலையும் உள் அறைகளையும் பிரித்துச் சுவர் எழுப்பினாய். தாழ்ப்பாள் என் பக்கமாக அதில் ஒரு கதவு. உள் அறைகளும் கிணறும் உனக்கு. எனக்கு முன்வாசலும் ஒற்றை அறையும். அன்றே ஒரு வெண்கட்டி வாங்கி வைத்தேன், என்றாவது நீயே திருத்தி எழுதுவாய் என்று. நாற்பது வருடம் நீ வரவில்லை.

போன மாதம் நீ பெட்டியில் படுத்திருந்தபோது உன் மகன் ஓடிவந்தான். "சித்தப்பா, பக்கத்து ஒழுங்கையில பெட்டியைத் திருப்ப ஏலாது. உங்கட வாசலால கொண்டுபோக நடுக்கதவைத் திறங்கோ."

வெண்கட்டியை நீட்டினேன். "பாதியையும் மூண்டில ஒண்டையும் இந்தச் சுவரில கூட்டு."

"இப்பவா சித்தப்பா? ஃபாதர் காத்துக்கொண்டு நிக்கிறார்."

"நிக்கட்டும்."

உன் மகன் கணக்கு வாத்தியார். கீழே ஆறு போட்டான், மேலே மூன்றும் இரண்டும் போட்டுக் கூட்டினான். ஐந்து எழுதியதும் கை நின்றுவிட்டது. திரும்பி உன் பெட்டி இருந்த பக்கம் பார்த்தான். அதற்குப் பிறகுதான் தாழ்ப்பாளை எடுத்தேன். என் வாசலால், அந்தக் கணக்கைத் தாண்டித்தான் நீ போனாய்.

சுவரை இடித்துத் தருகிறேன் என்று அழுதான். வேண்டாம் என்றேன். உன் துக்கத்துக்கு வருகிறவர்கள் எல்லோரும் பார்க்கட்டும்.

தூறல் பட்டு அது அழிந்தால் நானே மேலால் எழுதிக்கொள்கிறேன். மேலே ஐந்து, நடுவில் ஒரு கோடு, கீழே ஆறு. இந்தக் கைநாட்டுக்கு எழுதத் தெரிந்தது அது ஒன்றுதான்.