படகில் சொன்ன ஜெபம்

மார்ச் 4, செவ்வாய்

வேலைக்காக முகத்தில் வரைந்த கோடுகளைக் கழுவ இன்றைக்கு வெகுநேரம் பிடித்தது. மலிவான மை பென்சில் வாங்கியது என் தப்பு. சோப்புக்கு அசையவே இல்லை. காதோரம் இன்னும் ஒரு பச்சைச் சுழி ஒட்டிக்கொண்டிருக்கிறது. பெட்ரோல் பங்கில் ஒரு பெண் அதைப் பார்த்துச் சிரித்தாள்.

இன்று பஸ் நிறையச் சுற்றுலாக் கூட்டம். காலையில் ஏரியில் படகு. அக்கரையில் இறங்கியதும் என் வரவேற்பு: ஈட்டியைச் சுழற்றி, கண்ணை உருட்டி, நாக்கை நீட்டி. பிறகு வெந்நீர் ஊற்றுகள், கொதிக்கும் சேறு, நீராவியில் வெந்த கோழியும் குமரா என்கிற சர்க்கரைவள்ளிக் கிழங்கும். சாப்பிடும் முன் எங்கள் பூர்வகுடி மொழியில் ஜெபம் சொல்வதும் நான்தான். ஒரு ஜெர்மன்காரர் கேட்டார், "நீங்க கத்தினீங்களே, அதுக்கு என்ன அர்த்தம்?" வந்திருப்பது நண்பனா பகைவனா என்று கேட்கிறோம் என்றேன். கம்பெனி தரும் காகிதத்தில் போட்டிருப்பது அது. வார்த்தை வார்த்தையாகக் கேட்டிருந்தால் மாட்டியிருப்பேன்.

ஆறு வயதில் அப்பா பிரிஸ்பேனுக்குக் கூட்டிப்போய்விட்டார். நாற்பதை நெருங்கும்போது ரோட்டோருவாவுக்குத் திரும்பினேன். உயரமும் தோளும் எங்கள் ஆட்களுடையவை. மொழிதான் இல்லை. எல்லாம் கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்தது. படகோட்டும் வைமாரி அக்காவுக்கு மட்டும் இது தெரியும். "நீ கிளிப்பிள்ளைடா ராவிரி. நல்லா தீனி போட்டு வளர்த்த கிளிப்பிள்ளை" என்பார். நானும் சேர்ந்து சிரிப்பேன்.

மார்ச் 6, வியாழன்

மழை. பயணம் ரத்து. தூங்கினேன்.

மார்ச் 8, சனி

படகில் ஒருவர் இறந்துபோனார். நான் செய்ததை இப்போது எழுத முடியாது. முகம் எரிகிறது.

மார்ச் 9, ஞாயிறு

எழுதிவிடுகிறேன். இல்லாவிட்டால் தலைக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கும்.

கனடாவிலிருந்து வந்த தம்பதி. அவர் டங்கன், அந்த அம்மா இசொபெல். இருவருக்கும் எழுபது இருக்கும். காலையில் கூட்டத்துக்குத் தலைவராக அவரைத்தான் நிறுத்தினோம். நண்பனாக வந்ததற்கு அடையாளமாக, நான் தரையில் வைத்த இலையை அவர் குனிந்து எடுத்தபோது உதடு துடித்தது. மற்றவர்கள் போலச் சிரிக்கவில்லை. சேற்றுக் குழிகளின் பக்கம் ரொம்ப நேரம் நின்றார். மதியம் நன்றாகச் சாப்பிட்டார்.

திரும்பும் வழியில், நடு ஏரியில், எழுந்து நின்று மலையைக் காட்ட வந்தவர் அப்படியே பக்கவாட்டில் சரிந்தார். பயணிகளில் ஒரு நர்ஸ் இருந்தாள். அவள் அவர் மாரை அழுத்திக்கொண்டே இருந்தாள். வைமாரி அக்கா ரேடியோவில் கத்தினார். நான் டங்கனின் காலைப் பிடித்துக்கொண்டு நின்றேன், எதற்கென்று தெரியாமல். கொஞ்ச நேரம் கழித்து நர்ஸ் கையை எடுத்துவிட்டாள்.

அந்த அம்மா அழவில்லை. என்னை நிமிர்ந்து பார்த்தார். இறகு உடை, முகத்தில் கோடுகள், வெற்று மார்பு. நான் நின்ற கோலம் அது. என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"உங்க பாஷையில ஏதாவது சொல்லுங்க தம்பி. இவர் எவ்வளவு ஆசையா வந்தாரு. இப்படிச் சும்மா அனுப்பாதீங்க."

எனக்குத் தெரியாதும்மா. இதைச் சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? அந்த வேஷத்தில் நின்றுகொண்டு எப்படிச் சொல்வது?

கண்ணை மூடினேன். வாயில் வந்தது மதியம் சொன்ன ஜெபம். சாப்பாட்டுக்குச் சொன்னது. "இந்த உணவை ஆசீர்வதியும்" என்று தொடங்குவது.

சொன்னேன். முழுக்கச் சொன்னேன். அதைவிடக் கேவலம், நன்றாகச் சொன்னேன். குரலைத் தாழ்த்தினேன். கடைசி வரியை இழுத்தேன். எல்லோரும் தொப்பியைக் கழற்றினார்கள். ஒரு ஜப்பானியப் பெண் விம்மி அழுதாள். சற்று முன்னால் இதே வார்த்தைகளைத் தட்டுக்கு முன் நின்று கேட்டவர்கள்தான் அத்தனை பேரும். ஒருவருக்கும் தெரியவில்லை.

அந்த அம்மா என் கையை முகத்தில் ஒற்றிக்கொண்டார். படகோட்டும் அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வைமாரி அக்கா ஒரே ஒரு முறை திரும்பிப் பார்த்தார். பிறகு கரை வரை திரும்பவில்லை.

மார்ச் 10, திங்கள்

இறந்தவர் கிடக்கும் இடத்தில் சாப்பாட்டுப் பேச்சே எடுக்கக் கூடாது. ஒரு ரொட்டித் துண்டைக்கூட அந்தப் பக்கம் கொண்டுபோக மாட்டோம். கல்லறையை விட்டு வெளியே வந்தால் கையில் தண்ணீர் தெளித்துக்கொண்டுதான் அடுத்த வேலை. மொழி தெரியாத எனக்கே இது தெரியும். இது தெரிந்துமா அந்த வாய் திறந்தது?

விடியற்காலையில் பாதிரியார் வந்து படகுக்குத் தீட்டுக் கழித்தார். எல்லோரும் கரையில் நின்றார்கள். நான் காரை விட்டு இறங்கவில்லை. முடிந்ததும் வைமாரி அக்கா வந்து கண்ணாடியைத் தட்டினார்.

"செத்தவர் தலைமாட்டுல நின்னு சோத்துக்கு ஜெபம் சொல்லியிருக்க."

"வேற எதுவும் தெரியலக்கா."

"தெரியலன்னு சொல்லக்கூடத் தெரியலையா?"

நான் ஸ்டியரிங்கைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"படகைக் கழுவியாச்சு" என்றார். "உன்னை யாருடா கழுவுறது?"

மார்ச் 12, புதன்

மானேஜர் தோளில் தட்டினார். "கம்பெனிக்கே நல்ல பேரு வாங்கிக் குடுத்துட்ட ராவிரி! அந்த அம்மா போன் பண்ணி உருகிட்டாங்க. உன்னைப் பார்க்கணுமாம். நாளைக்கு லீவு எடுத்துக்கோ, போயிட்டு வா."

தரை பிளந்தால் பரவாயில்லை. இந்த ஊரில் அது நடக்கக்கூடியதும்தான்.

மார்ச் 13, வியாழன்

அந்த அம்மாவை மோட்டலில் போய்ப் பார்த்தேன். டீ போட்டுக் கொடுத்தார். டங்கனுடைய செருப்பு இன்னும் கட்டிலடியில் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை அவரை ஊருக்குக் கொண்டுபோகிறார்களாம்.

"என் பொண்ணு கேரனால வர முடியல. பேறுகாலம். அப்பாவுக்கு என்ன சொன்னாங்கன்னு அவளுக்குக் கேக்கணுமாம்" என்று போனில் ரெக்கார்டை அழுத்தி என் பக்கம் நீட்டினார். "இன்னொரு தடவை சொல்றீங்களா? சர்ச்சுலயும் அதைப் போடலாம்னு இருக்கோம்."

சொன்னேன்.

ஆமாம். மறுபடியும் சொன்னேன். முதல் தடவை பயம் என்று சொல்லிக்கொள்ளலாம். இன்றைக்கு? நாற்காலியில் உட்கார்ந்து, டீயைக் குடித்துவிட்டு, அந்த அம்மா முகத்தைப் பார்த்துக்கொண்டு?

மார்ச் 14, வெள்ளி

வேலைக்குப் போகவில்லை. கடலுக்கு அப்பால் ஒரு சர்ச்சில், சவப்பெட்டிக்கு முன்னால், என் குரல் கேட்கப்போகிறது. எங்கள் ஆட்கள் ஒருவராவது அங்கே இருந்துவிட்டால்? ஒருவரும் இல்லாவிட்டால் சரியாகிவிடுமா? என்ன யோசனை இது, ச்சீ.

மார்ச் 15, சனி

போய்ச் சொல்லிவிட்டேன்.

வாசலிலேயே சொல்லியிருக்க வேண்டும். உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்துவிட்டார். டீ வேண்டாம் என்றேன். ஒரே மூச்சில் சொன்னேன்: எனக்கு என் மொழி தெரியாது, நான் சொன்னது இறந்தவருக்கான ஜெபம் இல்லை, சாப்பாட்டுக்குச் சொல்வது, உங்களிடம் இரண்டு முறை சொல்லி ஏமாற்றினேன்.

அந்த அம்மா எழுந்து கெட்டிலை அணைத்தார். முதுகைக் காட்டிக்கொண்டே நின்றார்.

"படகுல சொன்னது சரி. பதட்டம். அதை நான் புரிஞ்சுக்குவேன். முந்தாநாள் இங்க உக்காந்து சொன்னீங்களே?"

"ஆமாம்மா."

"கேரன் அதைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேக்கிறா. அதைக் கேட்டாத்தான் தூக்கம் வருதுங்கிறா. அவகிட்ட நான் என்ன சொல்லட்டும்?"

என் பக்கம் திரும்பினார்.

"இப்ப ஏன் வந்து சொல்றீங்க? எனக்காகவா? இல்ல, உங்க மனசு லேசாகணும்னா?"

"தெரியலம்மா" என்றேன். எட்டாம் தேதி சொல்லியிருக்க வேண்டிய வார்த்தை.

"போங்க தம்பி" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. களைப்பாகச் சொன்னார். கோபப்பட்டிருந்தால் தேவலை.

மனசு லேசாகவில்லை.

மார்ச் 16, ஞாயிறு

மதியம் தலைக்கு மேல் ஒரு விமானம் போயிற்று. அதுதானா என்று தெரியாது. வாசலில் நின்றேன், மறையும் வரை.

மார்ச் 24, திங்கள்

இனிமேல் முகத்தில் கோடு வரைய மாட்டேன் என்று மானேஜரிடம் சொன்னேன். "உன் உயரத்துக்கு நான் எங்கடா போய் ஆள் தேடுவேன்?" என்று கத்தினார். கடைசியில் படகில் கயிறு கட்டுகிற வேலையைக் கொடுத்தார். சம்பளம் குறைவு.

வைமாரி அக்கா ஒரு ரப்பர் பூட்ஸைக் காலால் என் பக்கம் தள்ளினார்.

ஏப்ரல் 15, செவ்வாய்

எங்கள் மொழி கற்றுத்தரும் மாலை வகுப்பில் சேர்ந்திருக்கிறேன். முதல் பாடம், உன் மலை எது, உன் ஏரி எது, உன் சனம் யார் என்று சொல்வது. எனக்கு முன்னால் பேங்கில் வேலை செய்யும் ஒரு வெள்ளைக்காரப் பெண் சரளமாகச் சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். அடுத்தது நான். ஏரியின் பெயர் வரைக்கும் வந்தேன், அதற்கப்பால் நின்றுவிட்டது. தினமும் அந்த ஏரியில்தான் கயிறு இழுக்கிறேன். பாதியில் எழுந்து வந்துவிட்டேன்.

ஏப்ரல் 22, செவ்வாய்

திரும்பப் போனேன்.

ஜூலை 8, செவ்வாய்

கனடாவிலிருந்து ஒரு சேதியும் இல்லை. ஏன் இருக்க வேண்டும்?

அந்தச் சாப்பாட்டு ஜெபத்தின் ஒவ்வொரு வார்த்தையும் இன்று புரிந்தது. புரியாமலே இருந்திருக்கலாம்.

அக்டோபர் 18, சனி

வைமாரி அக்காவின் அண்ணன் டியாகி போய்விட்டார். நுரையீரல். ஒரு வருஷமாகவே படுக்கைதான். குளிர்காலம் முழுக்க ஞாயிறுதோறும் அவரை வெந்நீர்க் குளத்துக்குத் தூக்கிக்கொண்டு போனேன். கனமே இருக்காது. "ஏய், மெதுவா, நான் உருளைக்கிழங்கு மூட்டை இல்ல" என்பார், எங்கள் மொழியில். எனக்குப் புரிந்த முதல் நகைச்சுவை அது.

பொதுக்கூடத்தில் கிடத்தியிருக்கிறார்கள். நான் பின்கட்டில் பாத்திரம் கழுவுகிறேன்.

அக்டோபர் 20, திங்கள்

நேற்று கடைசி மாலை. அடக்கத்துக்கு முந்தின நாள் கூடத்தில் உட்கார்ந்து பேசுவதும் பாடுவதும் கேலி செய்வதும் எங்கள் வழக்கம். வீட்டாரை அழவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். சிரிப்புச் சத்தம் பின்கட்டு வரை கேட்டது. அப்போது யாரோ வந்து, வைமாரி அக்கா கூப்பிடுகிறார் என்றார்கள்.

ஏப்ரனை வாசலில் கழற்றிவிட்டு உள்ளே போனேன். அக்கா சவப்பெட்டிக்குப் பக்கத்தில் மெத்தையில் உட்கார்ந்திருந்தார். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது.

"அண்ணனுக்கு ஏதாவது சொல்லு."

"அக்கா, எனக்கு..."

"தெரிஞ்ச அளவுக்குச் சொல்லு. போதும்."

நின்றேன். என் மலையைச் சொன்னேன். ஏரியைச் சொன்னேன். பெட்டியைப் பார்த்து, டியாகி அண்ணா, நீங்கள் மூட்டை இல்லை என்றேன். சிலர் சிரித்தார்கள். பிறகு, உங்கள் ஆட்கள் இருக்கும் இடத்துக்குப் போங்கள் என்று முடிக்க வேண்டும். பாழாய்ப்போன வாய்ப்பழக்கம், 'போங்கள்' என்பதற்குப் பதில் 'வாருங்கள்' என்று கூவிவிட்டேன். சுற்றுலாக்காரர்களுக்குக் கூவுவது போலவே.

பின்வரிசையிலிருந்து ஒரு கிழவியின் குரல்: "டேய், அவனைத் திரும்பக் கூப்பிடாதடா! இப்பத்தான் பெட்டிக்குள்ள ஒழுங்கா படுத்திருக்கான்!"

கூடமே வெடித்துச் சிரித்தது. வைமாரி அக்கா பெட்டியில் தலையைச் சாய்த்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். என் காது சூடாயிற்று. ஆனால் ஓடத் தோன்றவில்லை. சிரிப்பு அடங்கும் வரை நின்றேன். பிறகு திருத்திச் சொன்னேன். போங்கள் அண்ணா. போங்கள், போங்கள்.

பேசியவனுக்குத் துணையாகச் சிலர் எழுந்து ஒரு பாட்டுப் பாட வேண்டும். எனக்கென்று யாரும் இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. பின்கட்டில் பாத்திரம் கழுவியவர்கள் எல்லோரும் கையைத் துடைத்துக்கொண்டே வந்து என் பக்கத்தில் நின்றார்கள்.

பழைய பாட்டு. எனக்கு அரைகுறையாகத்தான் தெரியும். தெரிந்த வரிகளை அவர்களோடு பாடினேன். தெரியாத இடங்களில் வாயை மூடிக்கொண்டு நின்றேன்.