மேல்கணக்கு பஸ் போகப் போகுது

2005 அக்டோபர் 18
இன்றைய மேட்னியில் மூட்டைப்பூச்சி மட்டும் ஹவுஸ்புல். ஊரெல்லாம் திருட்டு சிடி. நாங்கள் ஓட்டுவதே நாளுக்கு ஒரு காட்சி. ஒரு காலத்தில் றக்வானையில் தியேட்டர் மேனேஜர் என்றால் எழுந்து நிற்பார்களாம். எனக்கு முன்பிருந்த மேனேஜர் சொன்னது.

மஷூர் முதலாளி கொழும்பில் கெஞ்சிக் கூத்தாடி தீபாவளிப் படத்தை வாங்கிவிட்டார். "இதும் ஓடாட்டி பூட்டுத்தான்" என்றார்.

நவம்பர் 1, தீபாவளி
ஹவுஸ்புல்! நிஜமான ஆட்கள்!

ஐந்தரைக்கு, மலையில் தேயிலைத் தோட்டத்து மேல்கணக்குப் பிரிவின் லய வீடுகளுக்குக் கடைசி பஸ். படம் முடிய இன்னும் அரை மணி. வழக்கம்போல் திரைக்கு முன்னால் நின்று டோர்ச்சை ஆட்டிக் கத்தினேன். "மேல்கணக்கு பஸ் போகப் போகுது! வாறவங்க வாங்க!" பிறகு சிங்களத்தில், "அந்திம பஸ் எக்க!" கதாநாயகன் கத்தியை ஓங்கிய நேரம். பாதிப் பேர் முனகிக்கொண்டே எழுந்தார்கள். எல்லோரும் ஏறும்வரை நான் பஸ்ஸை மறித்து நிற்பேன். திரும்பி வந்தால் படம் முடிந்திருக்கும். இத்தனை வருஷத்தில் ஒரு படத்துக்கும் முடிவு பார்த்ததில்லை. நல்ல மேனேஜர்!

பால்கனியில் ஒரு வெள்ளைச் சட்டைக்காரர், மடியில் பை. விநியோகஸ்தரின் ஆள் என்று நினைத்து உட்கார என் மெத்தைக் கதிரையைக் கொடுத்தேன். பால் டீயும்.

நவம்பர் 4
படம் சிடியில் வந்துவிட்டதாம். எவன்டா அவன்? கையில் கிடைத்தால் —

நவம்பர் 5
கிடைத்துவிட்டான். நான்தான்.

விநியோகஸ்தர் கொழும்பிலிருந்து போன் எடுத்தார். "சிடிய போட்டுப் பாத்தோம். ஹீரோ கத்திய ஓங்குறான், எவனோ பஸ் போகுதுன்னு கத்துறான். எந்த ஊர் தியேட்டர் அது?"

குரலை மெலிதாக்கி, "தெரியலீங்களே" என்றேன்.

"அதே குரல்தான்" என்று வைத்துவிட்டார்.

அந்த வெள்ளைச் சட்டையின் பைக்குள் இருந்தது கேமரா! அதற்கு என் மெத்தைக் கதிரை! அட மடையா, திருடனுக்கு சீனி போதுமான்னு வேற கேட்டியேடா!

நவம்பர் 12
இனிப் படம் தரமாட்டார்களாம். முதலாளி ஏசவில்லை. "நீ என்ன செய்வாய், எல்லாம் நஸீபு, தலையெழுத்து" என்று சாவியை வாங்கிக்கொண்டார். ஏசியிருக்கலாம். சந்துக்குள் போய் அழுதேன். வீட்டில் மனைவி மல்லிகாவிடம், தடிமன், அதான் மூக்கு சிவந்திருக்கு என்று சொன்னேன்.

நவம்பர் 20
பேக்கரியில் "பணிஸ் தாங்க" என்றதும் குரலைக் கேட்டுக் கடையே திரும்பியது. "அட, பஸ் அண்ணன்!" ஹீரோவுக்குக்கூட இவ்வளவு ரசிகர்கள் இருக்கமாட்டார்கள். பணிஸ் வாங்காமலே வந்துவிட்டேன்.

2006 அக்டோபர் 21, தீபாவளி
தியேட்டரில் இப்போது முதலாளியின் சீமெந்து மூட்டை. அவற்றுக்கும் நான்தான் மேனேஜர். கத்தினாலும் எழும்பாது.

கொழுந்து எடுக்கும் அழகம்மா, முன்பு எங்கள் முன்வரிசை தவறாதவர், மேல்கணக்கு லயத்துக்குப் பலகாரம் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார். போனால், அந்தச் சிடியையே போட்டார்கள். என் கண் வாசலில் கிடந்த செருப்புக்குப் போனது.

"கோவிச்சுக்காதீங்கண்ணே" என்றார் அழகம்மா. "உங்க தியேட்டர்ல எத்தன படம் பாத்தோம், ஒண்ணுக்காச்சும் முடிவு பாத்தோமா? இதுலதான் பாத்தோம்."

முறுக்கைக் கடித்தேன்.

கதாநாயகன் கத்தியை ஓங்கினான். டிவியில் என் குரல் வந்தது. பழக்கதோஷம், எழுந்துவிட்டேன். லயமே சிரித்தது.

"உக்காருங்க. அது போன வருசத்து பஸ்ஸு."

உட்கார்ந்தேன். முதல் முறையாக ஒரு முடிவைப் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது.

வெளியே வந்தால், கீழே இறங்கும் கடைசி பஸ் போயிருந்தது. கத்திச் சொல்ல ஆளில்லை.